தையலுக்கு விட்ட இரண்டடி

பிப்ரவரி 11: மின் நிறுவனத்தின் முதல் நோட்டீஸ். தருவதாகச் சொன்ன இழப்பீடு 4,500.
மார்ச் 3: ஆட்சேப மனு. கட்டணம் 50.
ஏப்ரல் 22: விசாரணை. இழப்பீடு 7,000 என உயர்த்தப்பட்டது.
மே 6: மறு அளவு. கட்டணம் 300.

என் மனைவியின் தங்கை மின்கம்பியோடு மல்லுக்கு நின்ற வகையில் என் நோட்டில் இருப்பவை இவை.

அவள் முப்பத்தொரு வருடமாகத் துணி தைக்கிறாள். தொழிலுக்கு வந்த புதிதில் ஒரு வாத்தியாரின் சட்டையைச் சொன்ன அளவுக்கே வெட்டிவிட்டாள். வயிற்றுக்கு மேல் பொத்தான் ஏறவில்லை. அன்றிலிருந்து எந்த அளவைச் சொன்னாலும் தையலுக்கென்று கொஞ்சம் கூட்டித்தான் சொல்வாள். ஆறு பேர் வந்தால் எட்டுப் பேர் என்பாள். சொந்த மகளின் உயரத்தையே மாப்பிள்ளை வீட்டாரிடம் ஒன்றரை அங்குலம் கூட்டிச் சொன்னவள். எங்கள் குடும்பத்தில் அவளுக்குப் பெயர் 'கூட்டல்'.

அவள் கடை வாடகை இடம். செப்டம்பர் முடிவுக்குள் காலி செய்ய வேண்டும் என்று உரிமையாளர் சொல்லிவிட்டார். மூன்று தையல் மெஷின்களுக்கும் வேறு போக்கிடம் கிடையாது. வீட்டு மொட்டை மாடியில் ஓர் அறை கட்டக் கொத்தனாரிடம் பேசி வைத்திருந்தாள். அப்போதுதான் நோட்டீஸ் வந்தது: மாடிக்கு மேலாகக் கம்பி போகும், அதன் பிறகு அங்கே எதுவும் கட்டக்கூடாது.

மனுவை நான்தான் எழுதினேன். அறையோடு சேர்த்து வீட்டின் உயரம் எவ்வளவு என்று கேட்டேன். இருபத்து மூன்றடி என்றாள். பத்திரப் பதிவு அலுவலகத்தில் நாற்பது வருடம் இருந்தவன், மாடி ஏறி அளந்து பார்க்காமல் அதை அப்படியே எழுதினேன்.

விசாரணையில் நிறுவனத்தின் வக்கீல் மனுவைப் படித்துவிட்டுச் சிரித்தார். கம்பி முப்பத்து நான்கடியில் வருகிறது. கூரைக்கும் கம்பிக்கும் நடுவே பன்னிரண்டடி இருக்க வேண்டும். இவர்கள் கணக்குப்படியே பதினோரடிதான் மிஞ்சுகிறது. ஏழாயிரத்தை வாங்கிக்கொண்டு அறையை மறந்துவிடட்டும் என்றார்.

அவள் என் பக்கம் சாய்ந்தாள். "அத்தான், நான் சொன்னதுல ரெண்டடி தையலுக்கு விட்டது."

"கட்டடத்துக்கு எதுக்கும்மா தையல்?"

"எதுக்கும் இருக்கட்டும்னுதான். பெருசா இருந்தா பிடிச்சுக்கலாம்ல."

எழுந்து விசாரணை அதிகாரியிடமும் இதையே சொன்னாள். மனுவில் பொய் என்று வக்கீல் குதித்தார். பொய் இல்லை, தொழில் என்றாள் இவள். அதிகாரி தன் சட்டையின் கைமடிப்பை ஒருமுறை பிரித்துப் பார்த்துக்கொண்டு, மறுபடி அளக்க உத்தரவிட்டார்.

மே 6 காலையில் நிறுவனத்தின் பொறியாளர் மாடிக்கு வந்தார். தளம் வரை பதினோரடி, அறை பத்தடி, ஆக இருபத்தொன்று. கம்பிக்கும் கூரைக்கும் நடுவே பதின்மூன்றடி. எல்லாம் முடிந்து அவர் டேப்பைச் சுருட்டும்போது, வெயிலில் கம்பி தொய்யுமே, அதைக் கணக்கில் எடுத்தீர்களா என்று நான் கேட்டுத் தொலைத்தேன். கூட்டல் என் காலை நன்றாக மிதித்தாள்.

பொறியாளர் வரைபடத்தை மறுபடி விரித்தார். "முப்பத்து நாலுங்கிறதே தொய்ஞ்ச பிறகுதாங்க. எதுக்கும் இருக்கட்டும்னு ரெண்டடி கூட்டித்தான் கம்பியைக் கட்டுவோம்."

"அப்ப நீங்களும் நம்ம தொழில்தான். அதை எழுத்துல குடுத்துட்டுப் போங்க தம்பி."

அது தன் கையில் இல்லை, மேலே எழுதுகிறேன் என்று போனார். ஜூன் போயிற்று. ஜூலையில் கடை உரிமையாளர் அடுத்து வரப்போகிறவரைக் கூட்டிவந்து, இவள் தைத்துக்கொண்டிருக்கும்போதே சுவரை அளந்தார். டேப் பிடிக்கத் தெரியாமல் அளக்கிறார்களே என்று அவளுக்கு அது வேறு எரிச்சல். தபால்காரர் தெருமுனை திரும்பினால் மெஷினை நிறுத்திவிடுவாள். அவர் தாண்டிப் போனதும் பெடலை ஓங்கி மிதிப்பாள்.

கடைசியில் பதில் வந்தது. கம்பி முப்பத்து நான்கடிக்குக் கீழே இறங்காது. இருபத்தோரடிக்குள் அறை கட்டத் தடையில்லை. எனவே இழப்பீடு பழைய 4,500 மட்டுமே. நான் இரண்டாவது பத்திக்கு வருவதற்குள் அவள் கொத்தனாருக்குப் போன் போட்டு, நாளைக்கே ஆளோடு வரச் சொல்லிவிட்டாள். கடிதம் வந்த தேதி ஆகஸ்ட் 4.