இலேசான வேலை

கேரள அரசாங்கத்திலிருந்து கடிதம் வந்தபோது நான் பாலக்காட்டுப் பக்கம் முதலமடையில் அப்பா வீட்டில் இருந்தேன். நான் வேலை பார்த்த பள்ளிக்கூடத்துக்குக் கோடை விடுமுறை. தோப்பில் காய் பறிப்பு நடந்துகொண்டிருந்ததால் முற்றம் முழுக்க வைக்கோலும் மாங்காயுமாகக் கிடந்தது. கடிதம் மலையாளத்தில் இருந்தது. அப்பா எழுத்துக் கூட்டிப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"அம்மிணி, உபதேஷ்டாவுன்னு போட்டிருக்குது. உபதேசம் பண்றதுக்கா உன்னையக் கூப்புடறாங்கொ?"

"ஆலோசனை சொல்றதுக்குங்கப்பா. பொம்பளைங்க வேலை விசயமா ஒரு கமிட்டி போட்டிருக்காங்களாம்."

"இத்தன வருசமா அவங்ககிட்டத்தான சண்ட புடிச்சுட்டிருந்தே?"

"ஆமாங்கப்பா."

"அப்பறம் எதுக்குக் கூப்புடறாங்கொ?"

எனக்கும் அது விளங்கவில்லை. ஆனால் போவதென்று அப்போதே முடிவு செய்துவிட்டேன்.

அதற்கு ஆறு வருடங்களுக்கு முன்னால், எழுபதுகளின் தொடக்கத்தில், மூணாறில், மாட்டுப்பட்டிக்கு மேலே இருந்த ஒரு தேயிலைத் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் எனக்குத் தமிழ் டீச்சர் வேலை கிடைத்தது. கல்யாணப் பேச்சுகளிலிருந்து தப்பிக்கத்தான் அத்தனை தூரத்து வேலையை ஒப்புக்கொண்டேன் என்று சொன்னால் அது பாதி உண்மை. பொள்ளாச்சி, உடுமலை, மறையூர் என்று பஸ் மாறி மாறிப் போய்ச் சேர்ந்தபோது, கிழக்குப் பாலக்காட்டின் காய்ந்த மண்ணைத் தவிர வேறெதையும் பார்த்திராத எனக்கு அந்தக் குளிர் ஒரு தண்டனையைப்போல இருந்தது.

பள்ளிக்கூடத்தை ஒட்டி ஒரு கொட்டகை. கொழுந்து பறிக்கப் போகும் தாய்மார்கள் கைக்குழந்தைகளை அங்கே ஓர் ஆயாவிடம் விட்டுவிட்டுப் போவார்கள். காலை பத்து மணி ஆனால் குழந்தைகள் ஒவ்வொன்றாக அழத் தொடங்கும். நான் உயிர்மெய் எழுத்து சொல்லிக்கொடுக்கும் குரலையும் மீறி அந்த அழுகை கேட்கும். தாய்மார்கள் மேலே மலையில் இருந்தார்கள். பால் கொடுக்கக் கீழே இறங்கி வந்தால் சூப்பர்வைசர் அன்றைக்கு அரைப் பேர்தான் போடுவார். பேர் என்றால் ஒரு நாள் வேலை செய்ததாகப் பதிவது.

இதைப் பற்றி மனு எழுதித் தரச் சொல்லி ஒரு பெண் என்னைத் தேடி வந்தார். முப்பத்தைந்து வயதிருக்கும். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து மூன்று தலைமுறையாக அந்த மலையிலேயே வாழும் குடும்பம். நான் அவரை அக்கா என்று கூப்பிட்டேன். அவர் கடைசிவரை என்னை டீச்சர் என்றுதான் கூப்பிட்டார். இரண்டு மனு எழுதினோம். பதில் வரவில்லை. மூன்றாவதை நான் எழுத உட்கார்ந்தபோது அக்கா தாளின் மேல் கையை வைத்தார்.

"காயிதம் போதும் டீச்சர். நாளைக்கு நாங்க எல்லாரும் ஒண்ணா எறங்கி வாறோம்."

மறுநாள் பத்து மணிக்கு, கூடையை முதுகில் போட்டபடியே, ஒருத்தி பாக்கியில்லாமல் இறங்கி வந்தார்கள். கைப்பிள்ளைக்காரிகள் கொட்டகைக்குள் போக, மற்றவர்கள் வெளியே புல்லில் உட்கார்ந்து வெற்றிலை போட்டார்கள். மானேஜர் ஜீப்பில் வந்து இறங்கினார். "யார் யாருக்குக் கைக்குழந்தை இருக்கு? கை தூக்குங்க" என்றார். எல்லாரும் தூக்கினார்கள். அறுபது வயதுக் கிழவி ஒருத்தி இரண்டு கையையும் தூக்கினாள். மானேஜராலேயே சிரிப்பை அடக்க முடியவில்லை. நான்கு நாள் அப்படியே இறங்கி வந்த பிறகு, பால் கொடுக்க அரை மணி நேரம் கிடைத்தது.

அதைக் கேள்விப்பட்டு மற்றத் தோட்டங்களிலிருந்தும் கூப்பிட்டார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் நானும் அக்காவும் போவோம். ஏலக்காட்டுப் பெண்களைப் பார்க்க ஒருமுறை கம்பம்மெட்டு வரைகூடப் போனோம். அவர் பேசுவார், நான் எழுதுவேன். பத்திரிகைகளில் மட்டும் என் படம் வந்தது. அரசாங்கக் கடிதமும் எனக்கு மட்டும்தான் வந்தது.

திருவனந்தபுரத்தில் எனக்கு ஓர் அறை கொடுத்தார்கள். தலைக்கு மேலே மின்விசிறி, நாற்காலியின் முதுகில் வெள்ளைத் துவாலை. நான் உள்ளே நுழைந்தால் குமாஸ்தாக்கள் எழுந்து நின்றார்கள். அது எனக்குப் பிடித்திருந்தது என்பதை மறைக்க விரும்பவில்லை.

நான் தந்த முதல் ஆலோசனை கர்ப்பிணிகளைப் பற்றியது. பேறுகாலத்துக்கு விடுப்பு ஏற்கெனவே இருந்தது. அதற்கு முந்தைய மாதங்களைத்தான் எங்கள் மலைகளில் யாரும் கண்டுகொள்வதில்லை. நிறைவயிறோடு செங்குத்தான சரிவில் கூடையைச் சுமந்து ஏறுவார்கள். ஆகவே, ஆறாவது மாதத்திலிருந்து இலேசான வேலை மட்டுமே தர வேண்டும் என்று எழுதினேன். என் தமிழை ஒரு குமாஸ்தா நல்ல மலையாளமாக்கினார். யாரும் மறுப்புச் சொல்லவில்லை. சில மாதங்களில் அது சுற்றறிக்கையாக எல்லாத் தோட்டங்களுக்கும் போனது. ஒரு பிரதியை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டு நான் மூணாறுக்குப் பஸ் ஏறினேன்.

ஞாயிற்றுக்கிழமை, கடைவீதியில் அக்காவைப் பார்த்தேன். காகிதத்தை எடுத்து நீட்டினேன். அவர் வாங்கவில்லை.

"அது வந்து ரெண்டு மாசமாச்சு டீச்சர். அதனாலதான் எங்களுக்குக் கஷ்டமே."

"என்னக்கா சொல்றீங்க?"

"எலேசான வேலை எதுவும் இங்க இல்லன்னு சொல்லி, வகுறு தெரிஞ்ச பிள்ளைகள எல்லாம் ஊட்ல இருக்கச் சொல்லிட்டாக. வேலையும் இல்ல, பேரும் இல்ல. இப்ப எவளும் மாசமா இருக்கேன்னு வாயத் தெறக்கதில்ல. வகுத்த இறுக்கிக் கட்டிக்கிட்டு மலை ஏறுதாளுக."

நான் நம்பவில்லை. அல்லது நம்ப விரும்பவில்லை. மறுநாள் அக்காவோடு மலைக்குப் போனேன். மேல் வரிசையில் ஒரு பெண் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தாள். என் பள்ளிக்கூடத்தில் படித்தவள். கல்யாணத்துக்கு என்னை அழைத்தவள். சேலைக்கு மேல் சாக்கைச் சுற்றி, அதன் மேல் கயிறு கட்டியிருந்தாள். சாக்கு எல்லாரும் கட்டுவதுதான், செடி கிழிக்காமல் இருப்பதற்கு. ஆனால் அவளுடைய கயிறு மார்புக்குக் கீழே மிக இறுக்கமாக இருந்தது. அவள் மூச்சை வாங்கி வாங்கி விட்டுக்கொண்டிருந்தாள்.

"எத்தனை மாசம்மா?" என்று கேட்டேன்.

அவள் அக்காவைப் பார்த்தாள், பிறகு என் கைப்பையைப் பார்த்தாள். "மாசமா? அப்படி ஒண்ணும் இல்லையே டீச்சர்" என்று சொல்லிவிட்டு அடுத்த செடிக்கு நகர்ந்தாள்.

என்னிடம் அவள் அதுவரை பொய் சொன்னதில்லை. நான் வந்தது ஆபீசிலிருந்து என்பதால் சொன்னாள். திரும்பி இறங்கும்போது ஓரிடத்தில் சறுக்கினேன். சரிவு பழக்கம் விட்டுப்போய்விட்டதாக்கும் என்று அக்காவிடம் சொன்னேன். அவர் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டார்.

கமிட்டியின் அடுத்த கூட்டத்துக்கு அக்காவையும் அழைக்க வேண்டும் என்று துறைச் செயலாளரிடம் கேட்டேன். நல்ல மனிதர் அவர். "அவங்களுக்கு மலையாளம் தெரியுமா? எழுதப் படிக்கத் தெரியுமா?" என்று கேட்டார். நான் மொழிபெயர்க்கிறேன் என்றேன். கோட்டயம் வரை பஸ்சிலும் அங்கிருந்து ரயிலிலுமாக அக்கா வந்து சேர்ந்தார். நீண்ட மேஜையைச் சுற்றி அதிகாரிகள் இருந்தார்கள். எதிரே தோட்ட முதலாளிகளின் சார்பில் மூன்று பேர். இலேசான வேலை என்று தோட்டத்தில் எதுவும் கிடையாது, ஆகவேதான் சுற்றறிக்கையை மதித்துக் கர்ப்பிணிகளை நிறுத்திவைத்தோம் என்றார் அவர்களில் மூத்தவர்.

நான் அக்காவைப் பார்த்தேன். அவர் மேஜையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு எழுந்தார்.

"நாத்துப் பையில மண்ணு ரொப்புறது என்ன வேலை? பாக்டரியில உக்காந்து தண்டு பொறுக்குறது என்ன வேலை? கொட்டகையில பிள்ளை பாக்குறது என்ன வேலை? எல்லாம் இருக்கு. சூப்பர்வைசர் பொண்டாட்டிமாரும் கொழுந்தியாமாரும் பாக்காக. வகுத்துக்காரிக்குன்னு கேட்டா மட்டும் இல்லாமப் போயிருது. இந்த ஐயா மலைப்பக்கம் வந்து எத்தன வருசமாச்சுன்னு கேளுங்க டீச்சர்."

நான் மலையாளத்தில் சொன்னேன். நாற்றங்காலிலும் தொழிற்சாலையிலும் காப்பகத்திலும் அத்தகைய வேலைகள் இருப்பதாகவும், அவற்றைப் பகிர்ந்தளிப்பதில் சில குறைகள் இருப்பதாகவும் அவர் கருதுகிறார் என்றேன். மேஜையைச் சுற்றித் தலைகள் அசைந்தன. பரிசீலிக்கலாம் என்று செயலாளர் சொன்னார். நன்றாகப் போயிற்று என்று நினைத்தேன்.

வெளியே வந்ததும் பக்கத்து டீக்கடையில் உட்கார்ந்தோம். அக்கா டீயை ஆற்றிக்கொண்டே இருந்தார், குடிக்கவில்லை.

"நான் அம்மா வகுத்துலருந்து கேரளாவுலதான் இருக்கேன் டீச்சர். மலையாளம் எனக்குக் கேட்டா வெளங்கும்."

நான் டீ டம்ளரைக் கீழே வைத்தேன்.

"பொண்டாட்டி, கொழுந்தியான்னு சொன்னேன். அத விட்டுட்டீக. ஐயாவக் கேக்கச் சொன்னேன். அதையும் கேக்கல."

"அப்படியே சொன்னா அவங்க கோவிச்சுக்குவாங்கக்கா. காரியம் கெட்டுப்போகும்."

"கோவிச்சா கோவிக்கட்டும். அன்னைக்கு மானேஜர் ஜீப்புல வந்தப்ப நீங்க இப்படி யோசிச்சீகளா?"

யோசிக்கவில்லை. அன்று இழப்பதற்கு எனக்கு ஒன்றும் இருக்கவில்லை. இப்போது அந்தச் செயலாளரின் நல்ல எண்ணத்தைக் காப்பாற்றிக்கொள்ள வேண்டியிருந்தது. அக்காவிடம் அதை அப்படியே சொன்னேன். அவர், "வேணும்னேதான் விட்டீகளோன்னு நெனைச்சேன்" என்றார். வேண்டுமென்றேதான் விட்டேன் என்று சொல்ல எனக்கு இன்னும் கொஞ்சம் நேரம் பிடித்தது. சொன்னேன்.

அடுத்த மாதக் கூட்டத்தில் நான் மொழிபெயர்க்கவில்லை. அக்கா தனக்குத் தெரிந்த மலையாளத்திலேயே பேசினார். பாதி தமிழ், வினைச்சொல்லெல்லாம் இடறி விழுந்தது. ஆனால் கொழுந்தியா என்ற இடத்தில் எவருக்கும் சந்தேகம் எழவில்லை. முதலாளிகள் தரப்பு மூத்தவருக்குக் கோபம் வந்தது. சொந்தக்காரர்கள் யாருக்கும் அப்படிக் கொடுப்பதில்லை என்று அவர் பேசி முடித்ததும், "அப்ப யார் யார் அந்த வேலையைப் பாக்குறாங்கன்னு லிஸ்ட் தருவீங்களா?" என்று நான் கேட்டேன். லிஸ்ட் வரவேயில்லை. அது வராததையே காரணமாகக் காட்டி, அடுத்த மழைக்காலத்துக்குள் புதிய சுற்றறிக்கை வாங்கினோம். கர்ப்பம் என்று சொல்லி எவரையும் வேலையிலிருந்து நிறுத்தக் கூடாது. இருக்கிற இலேசான வேலைகளை முதலில் அவர்களுக்கே தர வேண்டும். என்னென்ன வேலை என்று அக்கா சொன்ன வரிசையிலேயே எழுதினேன். சில தோட்டங்கள் உடனே ஒப்புக்கொண்டன, சிலவற்றோடு ஒரு வருடம் மல்லுக்கட்ட வேண்டியிருந்தது. நான் மேலும் இரண்டு வருடம் அந்தப் பதவியில் இருந்துவிட்டுப் பள்ளிக்கூடத்துக்கே திரும்பினேன்.

கயிறு இறுக்கிக் கட்டியிருந்த பெண்ணுக்கு, புதிய சுற்றறிக்கை வருவதற்கு முன்பே பிரசவம் ஆகிவிட்டது. தாயும் பிள்ளையும் நலம். குழந்தை எடை குறைவாக இருந்ததென்று அக்கா சொன்னார். அதற்கு நானும் காரணம் என்று இன்றும் எண்ணுகிறேன்.

புதிய ஏற்பாடு வந்த முதல் வாரம் நாற்றங்காலுக்குப் போனேன். தட்டியின் நிழலில் ஆறேழு கர்ப்பிணிகள் கால்களை நீட்டி உட்கார்ந்து பைகளில் மண் நிரப்பிக்கொண்டிருந்தார்கள். ஒருத்தி தன் மாமியாரைப்போலப் பேசிக் காட்ட, மற்றவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். ஒருத்தி நகர்ந்து எனக்கு இடம் விட்டாள். மதியம் வரை நானும் நிரப்பினேன். நான் நிரப்பிய பைகளில் மண் சரியாக இறங்கவில்லை என்று சொல்லி, அவர்கள் அவற்றைக் கொட்டிவிட்டு மறுபடி நிரப்பினார்கள்.