ஐவர் கட்சியும் என் இரண்டு எழுத்தும்

மத்திய அரசு ஊழியனுக்குக் கட்சி கூடாது என்பது விதி. அந்த விதியை நான் கொள்கைக்காக மீறினேன் என்று சொன்னால் என் வாய் அழுகிவிடும். மச்சினனுக்கு ஒரு வேலை வேண்டும், அவ்வளவுதான்.

எழுபதுகளின் கடைசி. மழை பொய்த்து, ஆலைகள் மூடிக் கிடந்த வருஷம். அரசாங்கம் புதிதாக ஆள் எடுப்பதையே நிறுத்தியிருந்தது. டில்லி ஆர்.கே.புரம் ரேஷன் கடைக்காரன் எங்கள் பையைப் பார்த்ததுமே "சீனி கதம், பாபுஜி", தீர்ந்துவிட்டது என்று கையை விரிப்பான். என் மனைவியின் தம்பி பி.ஏ. முடித்துவிட்டுத் திருநெல்வேலியிலிருந்து வந்து, எங்கள் குவார்ட்டர்ஸ் முன்னறையில் இரண்டு வருஷமாகப் படுத்திருந்தான். இன்னும் ஐந்து மாதத்தில் அரசு வேலைக்கான வயது வரம்பைத் தாண்டிவிடுவான். மனைவி இதை நாள் தவறாமல் எனக்குச் சொன்னாள், ஏதோ அவனை நான்தான் சீக்கிரம் பெற்றுவிட்டது போல.

அப்போதுதான் எங்கள் ஊர்ப்பக்கத்து எம்.பி. ஒருவர் பெரிய கட்சியிலிருந்து நான்கு பேரைக் கிளப்பிக்கொண்டு வெளியே வந்து தனிக்கட்சி தொடங்கினார். மொத்தக் கட்சியும் ஒரு அம்பாசடரில் அடங்கிவிடும். ஏழைகளின் பசியைப் பார்த்துப் பொறுக்க முடியாமல் பிரிந்தார்களாம். அடடா, என்ன இரக்கம்! அவருக்கு ஆங்கிலத்தில் எழுதித்தர ஆள் தேவைப்பட்டது. ஸ்டெனோவான என்னை மலை மந்திர் முருகன் கோயிலில் யாரோ காட்டிக்கொடுத்தார்கள்.

"தம்பி, நீங்க எழுதிக் குடுங்க. பையன் வேலைக்கு நான் பொறுப்பு" என்றார்.

ஞாயிறுதோறும் மச்சினனையும் கூட்டிக்கொண்டு அவர் வீட்டுக்குப் போவேன். அவர் தமிழில் முழங்குவார், நான் ஆங்கிலத்தில் தட்டுவேன், மச்சினன் உறையிலிட்டு ஒட்டுவான். ஒருநாள் பெரிய கட்சித் தலைவரைத் திருடர் என்றே ஒரு கடிதம் எழுதச் சொன்னார். எழுதி வாசித்துக் காட்டினேன். "அடேங்கப்பா! இங்கிலீஷ்ல திட்டினா எவ்வளவு கௌரவமா இருக்கு!" என்று தொடையில் தட்டிச் சிரித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

அங்கேதான் என் புத்தி நாசமாய்ப் போயிற்று. அலுவலகத்தில் எந்தக் கடிதம் அடித்தாலும், அடித்தவன் யாரென்று தெரிவதற்காக, கீழே இடது மூலையில் அவன் தன் இனிஷியலைச் சிறிய எழுத்தில் போட வேண்டும். பதினாறு வருஷப் பழக்கம். அந்தக் கடிதத்திலும் கை தானாகப் போட்டுவிட்டது. யாரும் கவனிக்கவில்லை. கடிதம் பத்திரிகைகளுக்கும் போயிற்று.

நாலே மாதத்தில் கட்சி செத்தது. ஐவரும் மாலையும் கழுத்துமாகத் தாய்க்கட்சிக்கே திரும்பினார்கள். எங்கள் ஆளுக்குத் துணை மந்திரிப் பதவி என்று பேச்சு. இடைஞ்சலாக இருந்தது அந்தக் கடிதம் ஒன்றுதான். "எனக்கு இங்கிலீஷ் எங்கே தெரியும்? நான் சொன்னது ஒண்ணு, அந்த ஆள் அடிச்சது ஒண்ணு" என்று சொல்லி, மூலையிலிருந்த இரண்டு எழுத்தைக் காட்டினாராம்.

என் அதிகாரி கூப்பிட்டு அந்தக் கடிதத்தை மேஜைமேல் வைத்தார். "இந்த இனிஷியல் டில்லியில் ஆயிரம் பேருக்கு இருக்கும், சார்" என்று சாதித்தேன். அவர் இன்னொரு தாளை நகர்த்தினார். கடிதத்தை அடித்தது தன் அக்காவின் கணவர்தான் என்றும், தான் பக்கத்திலிருந்து பார்த்ததாகவும் என் மச்சினன் எழுதிக் கையெழுத்திட்டிருந்தான்.

வீட்டுக்கு வந்தேன். அவன் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். "ஏண்டா, பாவி?" என்று கத்தினேன்.

"எழுதிக் குடுத்தாதான் தன் ஆபீஸ்ல வேலைன்னு எம்.பி. சொல்லிட்டாரு, அத்தான். எனக்கு வயசு தாண்ட இன்னும் பதினெட்டு நாள்தான் இருந்துச்சு."

தட்டோடு அவனைத் தூக்கி வெளியே எறிய வேண்டும் போலிருந்தது. மனைவி குறுக்கே வந்து நின்றாள். "அவன் என்ன பொய்யா எழுதிட்டான்? அடிச்சது நீங்கதானே?"

எங்கள் ஆள் துணை மந்திரியாகி, மச்சினனைத் தன் ஆபீஸில் சேர்த்துக்கொண்டார். என்னை அஸ்ஸாமுக்குத் தூக்கியடித்தார்கள். குவார்ட்டர்ஸும் போயிற்று. குழந்தைகளின் படிப்பு கெடும் என்று மனைவி டில்லியிலேயே தம்பியோடு வாடகை வீட்டில் தங்கிக்கொண்டாள். ஸ்டேஷனுக்கு அவன்தான் என் படுக்கையைச் சுமந்து வந்தான்.

வண்டி கிளம்பும்போது ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, "மந்திரிகிட்ட சொல்லி உங்களைத் திருப்பிக் கொண்டாந்துடறேன், அத்தான். நான் பொறுப்பு" என்றான். மனசாரத்தான் சொன்னான், மடையன்.

அவனைக் காறித் துப்பியிருக்க வேண்டும். "மறந்துடாதேப்பா" என்று கெஞ்சினேன்.