கத்திரி பிடித்தபடி ஆறிய கை

ஒரு முடியை வெட்டுவதற்குள் காற்றை நாலு தரம் வெட்டிவிடுவார் சலூன்காரர். டிக், டிக், டிக், டிக். அதற்கடுத்த டிக்கில்தான் ஏதாவது கீழே விழும். பக்கத்து வெல்டிங் பட்டறைக்காரருக்குப் பல வருடமாக இதுதான் வயிற்றெரிச்சல். அதோடு விட்டாலும் பரவாயில்லை. கதை சூடு பிடித்தால் கத்திரி நின்றுபோகும். ஒரு காதோரம் வெட்டி, மறு காதோரம் வெட்டாமல், கழுத்தில் துணியைக் கட்டிக்கொண்டு பட்டறைக்காரர் பொம்மை மாதிரி உட்கார்ந்திருப்பார். சலூன்காரர் வாசலுக்குப் போய், தெருவோடு போகிற யாரையோ மறித்து, "நீங்களே சொல்லுங்க, அன்னைக்கு நீங்களும் இருந்தீங்கல்ல?" என்று சாட்சிக்குக் கூப்பிட்டுக்கொண்டிருப்பார். பட்டறையில் ஒரு இரும்புக் கதவு முடிகிற நேரத்தில் இவர் ஒரு கிருதாவை முடிப்பார்.

"ஏம்ப்பா, தலையை வெட்டுறியா, கதையை அளக்குறியா?"

"தலையை வெட்டினா கேஸ் ஆயிடும்ணே. முடியை மட்டும்தான் வெட்டுறேன்."

தெருவே அவரை டிக்டிக் என்றுதான் கூப்பிடுகிறது. பெற்றவர்கள் வைத்த பேர் மின்சார பில்லில் மட்டும் இருக்கிறது. ஒல்லி உடம்பு, பெரிய காது. சட்டைப் பையில் எந்நேரமும் இரண்டு சீப்பு, ஒன்று தொழிலுக்கு, ஒன்று தனக்கு. தனக்கு வாரிக்கொள்ள முன்மண்டையில் பெரிதாக ஒன்றும் மிச்சமில்லை. கேட்டால், "இருக்கிற நாலு பேரையாவது நல்லா வெச்சுக்கணும்ல?" என்பார்.

தெருவிலுள்ள ஆண்களின் தலைத் தழும்பெல்லாம் அவருக்கு அத்துபடி. தழும்பில் முடி முளைக்காது. ஈரத் தலையைச் சீப்பால் பிரித்தால் வெள்ளைக் கோடாகத் தெரிந்துவிடும். விரல் நுனியால் ஒரு தடவு தடவுவார். "இது மாடிப்படி." "இது கதவு நிலை." "இது கூடப்பிறந்தவன் வேலை." பட்டறைக்காரரின் பின்மண்டையில் பிறை மாதிரி ஒன்று இருக்கிறது. முதல் நாளே தடவிவிட்டு, "இது உங்க அக்கா" என்றார். உண்மைதான். அக்கா விட்டெறிந்த டம்ளர். எப்படிக் கண்டுபிடித்தாய் என்று கேட்டதற்கு, "அண்ணன் எறிஞ்சிருந்தா குறி தப்பியிருக்கும்" என்றார்.

திருடனோடு கட்டிப் புரண்டதில் வந்த தழும்பு என்று ஒருத்தர் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிகிறாராம். அது குளியலறையில் வழுக்கி விழுந்ததாம். அந்த இடத்து முடியைக் கொஞ்சம் நீளமாக விட்டு நாசூக்காக மூடிவிடுவார் டிக்டிக். ஆள் யார் என்று பட்டறைக்காரர் எவ்வளவோ தோண்டிப் பார்த்துவிட்டார். ம்ஹும். வாய் ஓயாத மனுஷனுக்கு அந்த ஒரு விஷயத்தில் மட்டும் பூட்டு.

ஆனால் அவர் தடவிப் பார்த்ததெல்லாம் ஆறி முடிந்த தழும்புகள். ஆறிக்கொண்டிருக்கிற காயத்தோடு அவருக்குப் பழக்கம் கிடையாது. போன வருடம் அந்தப் பழக்கமும் வந்து சேர்ந்தது.

பிரேக் பிடிக்காத பஸ் ஒன்றின் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். பஸ் திரும்பும்போது இவர் கையும் திரும்பியது. துண்டு சூடாக்குகிற வெந்நீர்ப் பாத்திரம் ஸ்டவ்வோடு சாய்ந்தது. வலது உள்ளங்கை முழுக்க வெந்துபோய், கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் தோல் வழன்றுவிட்டது. பட்டறைக்காரர்தான் ஓடிவந்து, குழாயடியில் கையை நீட்டிப் பிடித்துத் தண்ணீர் விட்டு, ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனார். போகிற வழியெல்லாம் டிக்டிக் முனகிக்கொண்டே, பஸ் கடைசியில் எங்கே போய் நின்றது என்பதையும் சொல்லி முடித்துவிட்டார்.

ஆஸ்பத்திரியில் மருந்து வைத்து, விரல்களை விரித்து, ஒரு பிளாஸ்டிக் தகட்டில் கையைப் படுக்க வைத்துக் கட்டினார்கள். விரித்தேதான் வைக்க வேண்டும், கட்டை விரல் தள்ளியே இருக்க வேண்டும், வலித்தாலும் மடக்கக் கூடாது என்று படித்துப் படித்துச் சொன்னார்கள். டிக்டிக் பவ்யமாகத் தலையாட்டினார். வீட்டுக்கு வந்ததும் அவருக்கு வேறு யோசனை ஓடியது. எத்தனையோ நாள் சும்மா விரிந்து கிடந்தால், இந்தக் கை கத்திரி பிடிக்கிறதையே மறந்துபோய்விட்டால்? மனைவி வேலைக்குக் கிளம்பிப் போனதும் தகட்டைக் கழற்றி வைத்துவிட்டு, கட்டுப் போட்ட விரல்களில் கத்திரியை மாட்டிக்கொள்வார். மூடிய கத்திரி. அப்படியே நெஞ்சில் சாய்த்துக்கொண்டு பகல் முழுக்கத் தூங்குவார். மனைவி வருகிற நேரத்துக்குத் தகடு மறுபடி கையில் ஏறிவிடும். சுருட்டி வைத்தால் வலியும் இல்லை, சுகமாக இருந்தது.

புண் மூடியது. புதுத் தோல் ஓரத்திலிருந்து நடுவை நோக்கி ஊர்ந்து வந்து சேர்ந்துகொண்டது. வெங்காயத்தின் உள்தோல் மாதிரி மினுமினுவென்று, இளஞ்சிவப்பாக. அரிப்பு தாங்கவில்லை என்று சொல்வதில்கூட அவருக்கு ஒரு பெருமை. "அரிச்சா ஆறுதுன்னு அர்த்தம்ணே!" ஒருநாள் காலையில் பட்டறைக்குள் நுழைந்து, வெற்றிக் கோப்பை மாதிரி கத்திரியைத் தூக்கிக் காட்டினார்.

"பாத்தீங்களா, எப்படிப் பிடிக்குது! ஒரு நூல் நகருதா பாருங்க!"

பிடி கச்சிதமாகத்தான் இருந்தது. அச்சில் வார்த்தது போல. பட்டறைக்காரர் முகமூடியைத் தூக்கிவிட்டுப் பார்த்தார்.

"சரி, திற."

டிக்டிக் திறந்தார். கத்திரி திறக்கவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு முயற்சி செய்தார். கட்டை விரல் ஒரு நெல் அளவு அசைந்து அங்கேயே நின்றது. நடுவிலிருந்த புதுத் தோல் வெளிறி, விறைத்து, கயிறு மாதிரி எழும்பியது. பட்டறைக்காரர் முகமூடியைக் கழற்றி வைத்துவிட்டு அவரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனார்.

ஆஸ்பத்திரியில் கைப்பயிற்சி கொடுக்கிற அம்மா பொறுமைசாலி. கத்திரியோடு தூங்கின கதையைக் கேட்டதும் அவரே வெடித்துவிட்டார். "ஆறுற தோல் சும்மா இருக்காதுங்க. சுருக்குப் பையோட கயிறை இழுக்கிற மாதிரி சுத்தி இருக்கிறதை எல்லாம் இழுத்துத்தான் மூடும். நீங்க சுருட்டி வெச்சா சுருட்டினபடியே மூடிரும். நீங்க மூடின கத்திரியைக் கொடுத்து ஆற வெச்சிருக்கீங்க!" தழும்பு இன்னும் பச்சையாகத்தான் இருக்கிறது, முதிர்ந்து வெளுக்கப் பல மாதம் ஆகும், அதற்குள் நீவி, இழுத்து, விரித்தால் வழிக்கு வரலாம் என்றார். வராவிட்டால் அந்த இடத்தைக் கீறித் திறந்து, வேறு இடத்துத் தோலை எடுத்து ஒட்ட வேண்டும். அப்போதும் பழைய கை கிடைக்கும் என்று சொல்ல முடியாது.

வெளியே வந்து டிக்டிக் சொன்னார்: "வேற தொழில் என்னண்ணே தெரியும் எனக்கு? பேசத்தான் தெரியும்."

"அதை நீ சும்மாவே பண்ணுவ, எவன் உன்னை வேலைக்கு வெப்பான்?" என்றார் பட்டறைக்காரர்.

ஆனால் இழுப்பு என்றால் என்ன என்று பட்டறைக்காரருக்குத் தெரியும். இரண்டு தகட்டை வைத்து வெல்டு அடித்தால், சூடு இறங்கும்போது வெல்டு சுருங்கி, தகட்டை வளைத்துவிடும். அதனால்தான் முதலிலேயே கிளாம்ப் போட்டு இறுக்குவது. இங்கே வளைந்த பிறகு நிமிர்த்த வேண்டும். குப்பையில் கிடந்த குழாய்த் துண்டுகளைப் பொறுக்கினார். மெலிசிலிருந்து தடிமன் வரை ஏழெட்டு. ஓரத்தையெல்லாம் ராவி, தேய்த்து, துணி சுற்றி, பயிற்சி அம்மாவிடம் காட்டினார். அந்த அம்மா ஒவ்வொன்றையும் கன்னத்தில் உரசிப் பார்த்துவிட்டுச் சரி என்றார். எண்ணெய் போட்டு நீவிய பிறகு, கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் குழாயைக் கொடுத்து உட்கார்ந்திருக்க வேண்டும். ஒன்று பழகினால் அடுத்தது.

டிக்டிக் அந்தக் குழாய்களுக்குப் பேர் வைத்தார். எல்லாம் வாடிக்கையாளர்களின் கழுத்து. மெலிசானது போஸ்ட்மேன். அடுத்தது பால்காரர். பிறகு டிரைவர், பேங்க் மேனேஜர். எல்லாவற்றிலும் தடிமனானது 'அண்ணன்', அதாவது பட்டறைக்காரர்.

"இன்னைக்கு யாரு?" என்று சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து சத்தம் வரும்.

"பால்காரர் உள்ள வந்துட்டாருண்ணே! டிரைவர் வாசல்ல நிக்கிறாரு!"

நீவிவிடுகிற வேலை மனைவிக்கு. அவர் கட்டை விரலால் தழும்பை அழுத்தி வட்டமாகத் தேய்க்கும்போது டிக்டிக் ஊரைக் கூட்டுவார். "கத்துங்க, நல்லா கத்துங்க. தகட்டைக் கழட்டிட்டுத் தூங்கினப்ப சுகமா இருந்துச்சுல்ல?" என்று இன்னும் ஒரு அழுத்து. வெயிலில் கையை நீட்டினால் தழும்பு கறுத்துவிடும் என்று பழைய சாக்ஸை வெட்டிக் கையுறை தைத்துக் கொடுத்ததும் அவர்தான். அதில் ஒரு கோழிப் படம் இருந்தது. டிக்டிக் அதைக் காட்டிக்கொண்டே தெருவில் நடந்தார்.

பட்டறைக்காரர் இத்தனை மாதமும் முடி வெட்டவில்லை. வேறு சலூனே இல்லாமல் இல்லை. போகவில்லை, அவ்வளவுதான். முடி தோளைத் தொட்டது. வெல்டிங் முகமூடி மாட்ட ஒரு ரப்பர் பேண்டு தேவைப்பட்டது. "பின்னாடி வந்தா, உங்க அக்காகூட நடக்கிற மாதிரி இருக்குங்க" என்றார் அவருடைய வீட்டுக்காரி. வேறு கடைக்குப் போகச் சொன்னதற்கு, "கண்டவன் கையை வைக்க என் தலை என்ன சத்திரமா?" என்று எரிந்து விழுந்தார்.

பேங்க் மேனேஜர் உள்ளே போக மாதக்கணக்கானது. நடுவில் ஒரு தடவை தோல் கீறிக்கொண்டு இரண்டு வாரம் பின்னுக்குப் போனது. தழும்பின் சிவப்பு மெல்ல வடிந்தது. கயிறு நாடாவானது, நாடா துணியானது. ஒரு ஞாயிற்றுக்கிழமை, மத்தியானச் சாப்பாட்டு நேரம். சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து பெரிய சத்தம்.

"அண்ணன் உள்ள வந்துட்டாரு! அண்ணே, ஓடி வாங்க! நீங்க உள்ள வந்துட்டீங்க!"

சாப்பிட்ட கையோடு ஓடினார் பட்டறைக்காரர். தடிமன் குழாய் டிக்டிக்கின் விரல்களுக்கு நடுவில் ஜம்மென்று உட்கார்ந்திருந்தது. மனைவி ஒரு பக்கம் சிரிக்கிறார், ஒரு பக்கம் முந்தானையால் கண்ணைத் துடைக்கிறார். பயிற்சி அம்மா பார்த்துச் சம்மதித்த பிறகு, மறுவாரம் நாற்காலியைத் துடைத்துப் போட்டார்கள்.

பட்டறைக்காரர் உட்கார்ந்தார். கத்திரி திறந்தது, மூடியது, திறந்தது. வேகம் இல்லை. அங்கங்கே முடியைப் பிடித்துச் சுளீரென்று இழுத்தது. இடையிடையே கையை உதறி ஓய்வெடுத்துக்கொண்டார் டிக்டிக். தோளிலிருந்த காடு தரையில் குவிந்தது. எல்லாம் முடிந்து, பின்பக்கம் தெரிய மனைவி கண்ணாடி பிடித்தார். பிடித்த வேகத்தில் வாயைப் பொத்திக்கொண்டார். பின்மண்டையில் மாடிப்படி மாதிரி நாலு அடுக்கு. வலப்பக்கக் கிருதா காதுக்கு மேலே, இடப்பக்கக் கிருதா தாடைக்குப் பக்கத்தில்.

பட்டறைக்காரர் தலையை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார். "ம். காத்து நல்லா வருது" என்றார்.

டிக்டிக் துணியை அவிழ்த்தார். பிடரியில் ஒட்டியிருந்த முடியை, விரிந்த வலது உள்ளங்கையால், அஞ்சு விரலும் பட, தட்டித் தட்டி விட்டார். புதுத் தோல் வழவழவென்று கழுத்தில் பட்டது. அப்புறம் குனிந்து, மனைவிக்குக் கேட்காமல், காதோரம் சொன்னார்:

"அண்ணே, ஒரே ஒரு உதவி. போற வழியில யாராவது கேட்டா, வீட்டுல நீங்களே வெட்டிக்கிட்டதா சொல்லிடுங்க."