வேதவதி மாமியின் பீன்ஸ் கறியமுது

பெருமாளுக்குப் படைத்துக் கண்டருளப்பண்ணும் முன்பே வேதவதி மாமி பீன்ஸ் கறியமுதை வாயில் போட்டு ருசி பார்த்தாளாம். அப்பாவுக்குக் கீழ் வீட்டு மாமா ஜன்னல் வழியாகப் பார்த்ததாக யாரோ சொல்லி, அது, அப்பாவும் மாமியும் இருக்கிற குடியிருப்பிலேயே இருக்கும் என் அத்தை பெண் கமலினிக்கு வந்து, அவள் எனக்குத் தோஹாவுக்கு எழுதினாள். "ரெண்டு ஆத்துல மாமியோட சாப்பாட்டுக் கேரியரை நிறுத்திட்டா. உங்கப்பா காதுல இன்னும் விழலை."

மாமிக்கு அறுபத்திரண்டு வயது. பொன்மலை ரயில்வே பணிமனையில் ஃபிட்டராக இருந்த கணவர் போனபின், ஸ்ரீரங்கத்தில் பிள்ளைகள் வெளிநாட்டில் இருக்கும் ஏழு வீடுகளுக்குச் சமைத்து அனுப்புகிறாள். என் அப்பா வீடும் அதில் ஒன்று. பீன்ஸை நார் எடுத்துப் பொடியாக நறுக்குவாள். மூடாமல் வேகவைப்பாள், மூடினால் பச்சை போய்விடும் என்பாள். கடுகு, உளுத்தம்பருப்பு, வற்றல் மிளகாய், பெருங்காயம் தாளித்து, இறக்கும்போது தேங்காய். உப்பு கை அளவுதான். பெருமாளுக்கு ஆகும்வரை ருசி பார்ப்பதில்லை, மோந்தும் பார்ப்பதில்லை. அந்த ஆசாரத்தை நம்பித்தான் ஏழு வீட்டிலும் வாங்கினார்கள்.

மாமியைக் கூப்பிட்டு, சுற்றி வளைக்காமல் கேட்டுவிட்டேன்.

"பார்த்தேன்டி. பொய் சொல்லுவேனா?"

"ஏன் மாமி?"

"நன்னா கேட்டே போ! அப்பாவுக்கு பிரஷர், உப்பு ஏறப்படாதுன்னு கார்த்தால ஒரு மெசேஜ், சாயங்காலம் ஒரு மெசேஜ். நீ என்ன, உப்பு இன்ஸ்பெக்டரா? நேத்து ஒரு தடவை போட்டேனா, ரெண்டு தடவையான்னு சந்தேகம் வந்துடுத்து. நாலு பீன்ஸை வாயில போட்டுண்டேன். சரியாத்தான் இருந்தது."

"அதையேவா அனுப்பினேள்?"

"அனுப்புவேனா? அதை எனக்குன்னு ஒதுக்கிட்டு, வேற நறுக்கிப் புதுசாப் பண்ணினேன். பெருமாளுக்கு ஆச்சு, அப்புறம்தான் கேரியர். ஜன்னல்காரர் முதல் பாதியோட போயிட்டார்."

"இதை எல்லார்கிட்டயும் சொல்லிடுங்கோளேன்."

"யார் நம்புவா? ஆசாரத்துல உங்கப்பா கறார், அவர் சாப்பிட்டா மத்தவாளும் சாப்பிடுவா. அவர் வேண்டாம்னுட்டா அடுப்பை அணைச்சுட வேண்டியதுதான்."

தப்பு என்னுடையது. அப்பாவிடம் நானே முதலில் சொல்லிவிட வேண்டும். மணி அங்கே பதினொன்று; கேரியர் வரும் நேரம். கமலினியிடமிருந்து மறுபடி செய்தி: "கீழாத்து மாமா உங்காத்துக்குத்தான் மாடி ஏறிண்டிருக்கார்."

அப்பாவின் எண்ணை அழுத்தினேன். முழுதும் அடித்து ஓய்ந்தது. மறுபடி அழுத்தினேன். அடிக்கிறது, யாரும் எடுக்கவில்லை.