செல்வி அக்கா நடந்து வந்த தோப்பு

அமீரகத்தின் அல் ஐன் நகரப் பேரீச்சந்தோப்பில் என் மகளோடு நடக்கையில் வாய்க்கால் ஈரம் மணத்தது. சட்டென்று எனக்கு ஒன்பது வயதாகிவிட்டது.

அன்று மத்தியானம், தமிழ்க் குரல் கேட்டு, தோப்பை ஒட்டியிருந்த எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினாள் செல்வி அக்கா. முழங்கால்வரை சேறு. தோப்புக்கு அப்பால் ஒரு பங்களாவில், பாஸ்போர்ட்டைப் பிடுங்கிக்கொண்டு அவளைப் பூட்டிவைத்து வேலை வாங்கியிருந்தார்கள்.

“மணல்ல நடந்தா தடம் தெரியும்க்கா. அதான் வாய்க்காத் தண்ணிக்குள்ளயே வந்தேன்,” என்றாள் அம்மாவிடம்.

அவளை வேலைக்கு வரவழைத்த முதலாளியான கஃபீல் தேடி வந்தபோது அம்மா வாசலை மறித்து நின்று, தனக்குத் தெரிந்த அரபி முழுவதையும் சொன்னாள்: “மாஃபி! கலாஸ்!” இல்லை, முடிந்தது, அவ்வளவுதான்.

அவன் போய்விட்டான். தூதரகத்தின் உதவியோடு அக்கா ஊர் போய்ச் சேர்ந்தாள்.

இன்று தோப்பின் பலகையில் மரங்களைப் பற்றி மட்டுமே எழுதியிருந்தது. நான் அக்காவை வீடியோ காலில் கூப்பிட்டுச் சுற்றிலும் காட்டினேன்.

“நல்லாக் காட்டு பாப்பா! அன்னிக்குத் தலையத் தூக்கிப் பாக்கவே இல்ல. இவ்வளவு அழகாவா இருக்கு?” என்று சிரித்தாள்.