குழாயம்மா

மருந்துக்கடை வரிசையில் இன்றும் ஒரு பெண் அந்தப் பழைய நடிகையின் கையைப் பிடித்துக்கொண்டாள். "அக்கா, நீங்கதானே? உங்க படத்தைப் பாத்து எவ்வளவு அழுதிருக்கேன் தெரியுமா" என்றவள், அடுத்த நிமிடமே மருமகள்மேல் உள்ள மனக்குறைகளைக் கொட்டத் தொடங்கிவிட்டாள். அவர் ரத்த அழுத்த மாத்திரையைப் பைக்குள் போட்டுக்கொண்டு, "சொல்லும்மா, எனக்கு ஒண்ணும் அவசரமில்ல" என்று சுவரோரம் ஒதுங்கி நின்றார்.

எங்கள் மாடியில் எதிர் வீடு அவருக்கு. வயது எழுபத்து நான்கு. இருபது வருடங்களில் அறுபது படங்கள், அறுபதிலும் அழுதார். கைவிடப்பட்ட மனைவி, கண் தெரியாத தங்கை, பிள்ளையைப் பறிகொடுத்த தாய். கிளிசரினைத் தொட்டதே இல்லை. "ஒரு கண்ணுல போதுமா, ரெண்டுலயும் வேணுமா?" என்று இயக்குநரிடம் கேட்டுவிட்டு அழுவாராம். விளக்கு பிடிப்பவர்கள் வைத்த பட்டப்பெயர் 'குழாயம்மா'. அதைச் சொல்லி முதலில் சிரிப்பவரும் அவர்தான். வீட்டில் அவருக்குப் பிடித்தது தொலைக்காட்சியில் மல்யுத்தம். "காலை வாருடா, மசமசன்னு நிக்கிறியே" என்று அவர் அதட்டுவது என் சமையலறைவரை கேட்கும்.

கணவர் படத்தொகுப்பாளர். பகலெல்லாம் மனைவியின் அழுகையை வெட்டி ஒட்டிவிட்டு, வீட்டுக்கு வந்து அவரைச் சிரிக்கவைப்பதே வேலையாக இருந்தவர். ஒரு நாள் வேலையிலேயே மாரடைப்பில் போய்விட்டார். தெருவை அடைத்துக்கொண்டு கூட்டம். மதில்மேல் ஏறியும் பார்த்தார்கள். இவர் ஒரு சொட்டுக்கூடக் கண்ணீர் விடவில்லை.

மறுவாரம் ஒரு பத்திரிகை 'கல்நெஞ்சக்காரி' என்று அட்டையில் போட்டது. அடுத்து வந்த படத்தில் இவர் அழுதபோது பின்வரிசையில் சிரித்தார்கள். ஒப்பந்தமாகியிருந்த மூன்று படங்களும் வேறு நடிகைகளுக்குக் கைமாறின. அதோடு சரி.

ஒருநாள் மனசு கேட்காமல், அன்று அழாததைப் பற்றிக் கேட்டேவிட்டேன். பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தவர் கத்தியைக் கீழே வைத்தார்.

"அத்தனை பேரும் என் கண்ணையே பாத்துக்கிட்டு நின்னாங்க. அவரை யாரும் பாக்கல. நான் அழுதிருந்தா அதுவும் அவங்களுக்கு அழுததாத்தான் ஆயிருக்கும். அறுபது படத்துல ஊருக்கு அழுதாச்சு. அவருக்குன்னு தனியா கொஞ்சம் வேணாமா?"

"அப்புறம் அழுதீங்களா?"

"அதை அவர்கிட்ட மட்டும்தான் சொல்லுவேன்" என்று மறுபடி நறுக்கத் தொடங்கினார்.

போன வாரம் பரிசோதனைக்காக ஆஸ்பத்திரிக்குப் போனார். நான் துணைக்குப் போயிருந்தேன். தீவிர சிகிச்சைப் பிரிவிலிருந்து ஓர் இளம்பெண் வெளியே வந்தாள். கையில் ஓர் ஆணின் கைக்கடிகாரமும் செருப்பும். நாலடி நடந்தவள் சுவரில் சாய்ந்து உடைந்து அழுதாள். நாற்காலிகளில் இருந்த அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தோம்.

இவர் எழுந்து போனார். அந்தப் பெண்ணுக்கு இவரை அடையாளம் தெரியவில்லை. இவர் நடித்த காலத்தில் அவள் பிறந்தே இருக்கமாட்டாள். இவர் அவளைத் தொடவில்லை. தோளிலிருந்த சால்வையை இரண்டு கைகளாலும் அகல விரித்துப் பிடித்து, அவளுக்கும் எங்களுக்கும் நடுவில் நின்றார். தன் முகத்தையும் வேறு பக்கம் திருப்பிக்கொண்டார்.