இரவல் குரலுக்கு வாயசைக்காதவர்

ஸ்டூடியோவில் எல்லாருக்கும் அவர் ஜட்ஜய்யா. முப்பத்துநாலு வருஷத்தில் நீதிபதியாக மட்டும் அறுபது படம். மிச்சமெல்லாம் டாக்டர், இன்ஸ்பெக்டர், பெண்ணுக்கு அப்பா. முகம் ஞாபகமில்லாதவன்கூட அவர் குரல் கேட்டால் திரும்பிப் பார்ப்பான். அவர் சேர்த்த சொத்து அது ஒன்றுதான்.

போன வருஷம் ஆஸ்பத்திரியில் தொண்டையில் கத்தி வைத்தார்கள். உயிர் தங்கியது. குரல்தான், தகரத்தைத் தரையில் இழுத்த மாதிரி ஆகிவிட்டது. அதோடுதான் சீரியலில் அப்பா வேஷத்துக்குத் திரும்பி வந்தார்.

மேக்கப் போட்டுக்கொண்டிருக்கும்போது டைரக்டர் வந்தார். மகன் வயசுதான் இருக்கும்.

"ஐயா, நீங்க பாட்டுக்கு நடிங்க. டப்பிங்குக்கு வேற ஆள் வச்சிருக்கோம்."

"என் வாய்க்குள்ள எவன் தம்பி வந்து பேசறது?"

"சேனல்ல சொல்லிட்டாங்கய்யா. உங்க குரல் வயசைக் காட்டுதாம்."

"அப்பா வேஷம்தானே? இல்ல, கைக்குழந்தையா?"

மேக்கப்காரர் சிரிப்பை அடக்கச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

டைரக்டர் போனதும் ஜட்ஜய்யா மனைவிக்குப் போன் போட்டார். ஒத்துக்கொள்ளச் சொல்வாள் என்று நினைத்தார்.

"அந்தக் குரலோட நான் குடித்தனமே நடத்தறேன். அவங்களுக்கு எங்க குத்துதாம்?" என்றாள் அவள்.

அன்றைக்கு, மகன் அப்பாவை வீட்டைவிட்டுப் போகச் சொல்லும் காட்சி. மறுநாளே ஒளிபரப்பு. அப்பாவுக்கு ஒன்றரைப் பக்க வசனம். மகனாக நடித்தவன் கத்தி முடித்தான். ஜட்ஜய்யா வாயைத் திறக்கவில்லை. மூக்குக்கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு அவனை மேலும் கீழும் பார்த்தார். அவ்வளவுதான்.

"கட்! வசனம் மறந்துட்டீங்களாய்யா?"

அங்கேயே நின்றபடி ஒன்றரைப் பக்கத்தையும் கரகரவென்று ஒப்பித்தார்.

"மறக்கல. டேக்ல வாயசைச்சாத்தானே இன்னொருத்தன் பேசுவான்? அசைக்க மாட்டேன். என்ன பண்ணுவ, பண்ணிக்கோ."

இன்னும் மூன்று டேக் போனது. உதடு அசையவில்லை. டைரக்டர் வெளியே போய் அரைமணி நேரம் போனில் யாரிடமோ கெஞ்சினார். திரும்பி வந்தபோது சட்டை நனைந்திருந்தது.

"சரிய்யா, டப்பிங்கும் நீங்களே பேசுங்க. திட்டு வந்தா நான் பொறுப்பில்ல."

"வாங்கிக்கறேன். நீ கேமராவை ஓட்டு."

அந்த டேக் ஒரே மூச்சில் முடிந்தது.

காலையில் டப்பிங் தியேட்டருக்குப் போனால், குரல் கொடுக்க வைத்திருந்த ஆள் மைக் முன்னால் உட்கார்ந்திருந்தான். யாரும் அவனிடம் சொல்லவில்லை. பதறி எழுந்தான்.

"உங்க பழைய படமெல்லாம் பார்த்து, அப்படியே பேசிப் பழகிட்டேங்கய்யா."

வாஸ்தவம்தான். அதைச் சொன்னதே அசல் பழைய குரலில்தான்.

"நல்லாத்தான் பேசற. ஆனா அந்த ஆள் ஆஸ்பத்திரியிலயே போய்ட்டான் தம்பி. இப்ப இருக்கறவன் நான்."

அவனை வெளியே அனுப்பிக் கதவைச் சாத்தினார். ஹெட்போனை மாட்டிக்கொண்டு, கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் இருந்த சவுண்ட் இன்ஜினியரிடம் சொன்னார்:

"போடு."